கத்தியும் பப்பாளியும்

கொரியத் தொலைக்காட்சித் தொடர்களில் திரும்பத் திரும்ப வரும் காட்சி ஒன்று உண்டு. மேஜையின் நடுவில் அடுப்பு. அதன்மேல் மெலிதான மாட்டிறைச்சித் துண்டுகள் சுருண்டு வேகின்றன. கதாநாயகி ஒரு லெட்டூஸ் இலையை விரித்து, சோறு, இறைச்சி, பூண்டு எல்லாம் வைத்து மடித்து, எதிரே முறைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவர் வாயில் திணிக்கிறாள். கோபம் பறந்துவிடுகிறது. அந்தப் பதார்த்தத்தின் பெயர் புல்கோகி. 'புல்' என்றால் நெருப்பு. 'கோகி' என்றால் இறைச்சி.

2020-ல் பொதுமுடக்கம் வந்து எல்லோரும் வீட்டுக்குள் அடைபட்டபோது, இந்தத் தொடர்களுக்கு இந்தியாவில் ரசிகர்கள் பெருகினார்கள். சென்னைவாசிகளுக்குக் கொரியச் சாப்பாடு அதற்கு முன்பே பழக்கம். 1996-ல் ஹூண்டாய் நிறுவனம் ஸ்ரீபெரும்புதூர் பக்கம் வந்து இறங்கியதிலிருந்து கொரியக் குடும்பங்களும், அவர்களை நம்பிக் கொரிய உணவகங்களும் அங்கே வந்துவிட்டன. கொல்கத்தாவில் அப்படிப்பட்ட தொழிற்சாலை இல்லை. ஆனால், இந்தச் சமையலுக்கு வேண்டிய வேறு சில விஷயங்கள் கொல்கத்தாவில் இருக்கும் அளவுக்கு இந்தியாவில் வேறெங்கும் ஒரே ஊரில் இருப்பது அபூர்வம்: மாட்டிறைச்சிக் கடை, சீனர்கள் காய்ச்சும் சோயா சாஸ், குழைந்து ஒட்டும் குட்டை அரிசி.

இருந்தும், நியூ மார்க்கெட்டில் அரைக் கிலோ வாங்கி வந்து, சமையல் புத்தகத்தில் உள்ளபடி செய்து பார்ப்பவர்களில் பலருக்கு முதல் தடவை கிடைப்பது ஏமாற்றம்தான். வாசனை அருமையாக இருக்கும். வாயில் போட்டால் செருப்புத் தோல் மாதிரி இழுக்கும். சமைத்தவரின் கைப்பக்குவத்தில் குறை இல்லை. குறை இருப்பது மாட்டின் வயதில்.

தென்கொரியாவில் இன்று புல்கோகிக்கு வெட்டப்படும் 'ஹன்வூ' என்ற நாட்டு மாடு சுமார் 30 மாத வயதுடையது. உழைப்பு என்றால் என்னவென்றே தெரியாமல் தீவனம் தின்று கொழுத்தது. மேற்கு வங்கத்தில் கதை வேறு. 1950-ல் இயற்றப்பட்ட மேற்கு வங்க விலங்கு வதைக் கட்டுப்பாட்டுச் சட்டப்படி, சான்றிதழ் இல்லாமல் மாட்டையோ எருமையையோ வெட்ட முடியாது. சான்றிதழ் கிடைக்க வேண்டுமானால் அது 14 வயதைத் தாண்டியிருக்க வேண்டும். உழைப்புக்கோ இனப்பெருக்கத்துக்கோ பயன்படாததாகவும் இருக்க வேண்டும். அல்லது முதுமை, காயம், ஊனம், தீராத நோய் ஆகியவற்றால் நிரந்தரமாக முடங்கியிருக்க வேண்டும். உள்ளாட்சித் தலைவரும் கால்நடை மருத்துவரும் அதற்குக் கையெழுத்திட வேண்டும்.

பக்ரீத் பண்டிகைக்காக இந்தச் சட்டத்திலிருந்து மாநில அரசு தந்துவந்த விலக்கும் நீதிமன்றத்துக்குப் போனது. ஆரோக்கியமான பசுக்களை வெட்ட அப்படி விலக்கு அளிப்பது செல்லாது என்று 1994 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டிலும் இதே மாதிரியான சட்டம் உண்டு. 1958-ல் வந்த அந்தச் சட்டம் கேட்கும் வயது 10.

ஆக, சட்டப்படி கசாப்புக் கடைக்கு வரும் மாடோ எருமையோ பெரும்பாலும் ஆயுள் முழுக்க ஏர் இழுத்ததாகவோ, வண்டி இழுத்ததாகவோ, பால் கறந்து ஓய்ந்ததாகவோ இருக்கும். உழைத்த தசை கெட்டியானது. தசை நார்களைக் கட்டி வைத்திருக்கும் 'கொலாஜன்' என்ற புரதம், வயது ஏற ஏறத் தன்னைத்தானே பின்னிக்கொண்டு இறுகிப் போகிறது. குழம்பாக இரண்டு மூன்று மணி நேரம் கொதிக்கவிட்டால் அது கரைந்து, இறைச்சி பஞ்சாகிவிடும். கொல்கத்தா முஸ்லிம் வீடுகளின் நிஹாரியும் கேரளத்து மாட்டுக்கறி உலர்த்தியதும் இந்தப் பொறுமையில் பிறந்தவை. புல்கோகிக்கு அந்தப் பொறுமை கிடையாது. அடுப்பில் அது இருக்கப்போவது மூன்று நிமிடம்.

அப்படியானால் கொல்கத்தா மாட்டில் புல்கோகி செய்யவே முடியாதா? முடியும். ஏனென்றால், புல்கோகியும் பிறந்தது கிழ மாட்டில்தான்.

கொரிய மாடு தின்று கொழுக்க மட்டும் வளர்க்கப்பட்டது கடந்த அரை நூற்றாண்டுக் கதை. அதற்கு முன், டிராக்டர் வராத காலத்தில், அங்கேயும் மாடு என்றால் ஏர் இழுக்கும் மாடுதான். 918 முதல் 1392 வரை ஆண்ட கோரியோ வம்சத்தில் பௌத்தம் ஓங்கியிருந்தது. இறைச்சி உண்பது ஒதுங்கியிருந்தது. 13-ஆம் நூற்றாண்டில் மங்கோலியர்கள் படையெடுத்து வந்தபின் இறைச்சி சுடும் வழக்கம் மறுபடியும் தலையெடுத்தது. 1392-ல் வந்த ஜோசோன் வம்சத்து மன்னர்கள் கன்ஃபூசியஸ் வழி வந்தவர்கள். இறைச்சி உண்பதில் அவர்களுக்குத் தடை இல்லை. ஆனாலும் மாட்டை வெட்டக்கூடாது என்று மீண்டும் மீண்டும் ஆணை போட்டார்கள். காரணம் மதம் அல்ல, வயல். மாடு குறைந்தால் உழவு குறையும், உழவு குறைந்தால் வரி குறையும்.

ஆணை ஒரு பக்கம் இருக்க, ஆசை இன்னொரு பக்கம் இருந்தது. 'மாட்டுக்குக் கால் ஒடிந்துவிட்டது' என்று அதிகாரியிடம் சொல்லி வெட்டுவது அந்தக் காலத்து உத்தி. ஊனமான மாட்டுக்கு விலக்கு உண்டு என்பது கொரியர்களுக்கும் தெரிந்திருந்தது. அப்படிக் கிடைத்த இறைச்சியை அரண்மனைச் சமையல்காரர்கள் அகலமாக, மெலிதாகச் சீவி, கத்தியால் கொத்தி, சோயா சாஸிலும் தேனிலும் பேரிக்காய்ச் சாற்றிலும் ஊறவைத்து, கரி நெருப்பில் வாட்டினார்கள். அதற்கு நொபியானி என்று பெயர். இன்றைய புல்கோகிக்கு மூத்தது அதுதான். மெல்லிய சீவலும் பழச்சாறும் அலங்காரத்துக்காக வந்தவை அல்ல. கெட்டியான இறைச்சியை மென்மையாக்கும் வழி அவை.

பேரிக்காயில் புரதத்தைச் சிதைக்கும் நொதிப்பொருள் கொஞ்சம் இருக்கிறது. இளம் மாட்டுக்கு அது போதும். 14 வயது மாட்டிடம் அதன் பாச்சா பலிக்காது. இங்கேதான் கொல்கத்தாவின் சொந்த அனுபவம் கைகொடுக்கிறது. வங்காளிகளின் 'காஞ்சா பேப்பே', அதாவது பப்பாளிக்காய், அந்த ஊரின் எந்தச் சந்தையிலும் கிடைக்கும். கபாப் கடைக்காரர்கள் தலைமுறை தலைமுறையாக அதைத் தோலோடு அரைத்து இறைச்சியில் தடவிவருகிறார்கள். காயைக் கீறினால் வடியும் பாலில் 'பப்பைன்' என்ற நொதி இருக்கிறது. பழுத்த பழத்தைவிடக் காயில்தான் அது அதிகம். தொழிற்சாலைகளில் இறைச்சியை மிருதுவாக்கும் பொடி தயாரிப்பதும் இந்தப் பாலிலிருந்துதான்.

பப்பாளிக்காயிடம் எச்சரிக்கையும் வேண்டும். பேரிக்காய் சாது, இரவு முழுக்க ஊறினாலும் பெரிய சேதம் இல்லை. பப்பாளிக்காய் முரடு. மெல்லிய சீவல்களில் அதிகமாகப் பூசி இரண்டு மணி நேரம் மறந்துவிட்டால் இறைச்சி மாவாகக் கரைந்துவிடும். இன்னொரு விஷயம்: பப்பைன் மிக வேகமாக வேலை செய்வது குளிரில் அல்ல, 60, 70 டிகிரி சூட்டில். அதாவது அடுப்பில் வைத்த பிறகும் அது சிறிது நேரம் தன் வேலையைத் தொடரும். அதனால்தான் அளவு ஒரு டீஸ்பூன், நேரம் அரை மணி என்ற கட்டுப்பாடு.

இனி கடைத்தெரு. நியூ மார்க்கெட் என்று எல்லோரும் அழைக்கும் ஹாக் மார்க்கெட் 1874-ல் திறக்கப்பட்டது. அங்கும், பார்க் சர்க்கஸ் போன்ற பகுதிகளிலும் மாட்டிறைச்சி வாங்குவது வழக்கம். கேட்க வேண்டியது 'அண்டர்கட்'. முதுகெலும்புக்கு அடியில், அதிகம் அசையாமல் கிடக்கும் நீளமான தசை அது. கிழ மாட்டிலும் அந்த ஒரு பகுதி மட்டும் ஓரளவு மென்மையாக இருக்கும். அண்டர்கட் தீர்ந்துவிட்டால் பின்தொடையின் எலும்பில்லாத பகுதியைக் கேட்கலாம். துண்டு போட்டுத் தரச் சொல்லக் கூடாது. முழுத் துண்டாகவே வாங்கிவர வேண்டும். கொத்துக்கத்தியால் போடும் துண்டு குழம்புக்குச் சரி, புல்கோகிக்கு ஆகாது.

சோயா சாஸுக்கு டிரெட்டா பஜார் பக்கம் போக வேண்டும். 18-ஆம் நூற்றாண்டில் கொல்கத்தாவில் வாழ்ந்த எட்வர்ட் டிரெட்டா என்ற வெனிஸ் நகரத்துக்காரரின் பெயர் தாங்கிய அந்தச் சந்தை, இந்தியாவின் மிகப் பழைய சீனர் குடியிருப்புகளில் ஒன்று. அங்கே விற்கும் பௌ சாங் சாஸ் பாட்டில்களைக் கொல்கத்தாவாசிகள் வீட்டுக்கு வீடு அறிவார்கள். ஊரின் கிழக்கே டாங்கிராவில் குடியேறிய ஹக்கா சீனர்கள் தோல் பதனிடும் தொழிலில் இறங்கினார்கள். சாதி இந்துக்கள் தீட்டு என்று ஒதுக்கிய தொழில் அது. 1962-ல் சீனாவுடன் போர் மூண்டபோது, இந்தியச் சீனர்கள் சுமார் 3,000 பேர் ராஜஸ்தானின் தேவ்லி முகாமில் அடைக்கப்பட்டார்கள். அதன்பின் பல குடும்பங்கள் நாட்டைவிட்டே போய்விட்டன. 1996-ல் உச்ச நீதிமன்றம் தோல் பதனிடும் ஆலைகளை நகருக்கு வெளியே மாற்ற உத்தரவிட்டது. டாங்கிராவில் எஞ்சியவர்களில் பலருக்குச் சோறு போடுவது இன்று உணவகத் தொழில்தான்.

கொல்கத்தாவின் சோயா சாஸ் கொரிய சாஸைவிடக் கறுப்பு, உப்பும் தூக்கல். புத்தகத்தில் ஐந்து ஸ்பூன் என்று இருந்தால் மூன்று போட்டு, இரண்டு ஸ்பூன் தண்ணீர் சேர்ப்பது புத்திசாலித்தனம். தனியாக உப்பே வேண்டாம்.

எண்ணெய் விஷயத்தில் தமிழர்கள் சட்டென்று ஏமாந்துவிடுவார்கள். கொரியர்கள் ஊற்றுவது எள்ளெண்ணெய் என்று தெரிந்ததும், 'அட, நம் நல்லெண்ணெய்' என்று லேக் மார்க்கெட்டின் தமிழ்க் கடைகளுக்கு ஓடத் தோன்றும். இரண்டும் எள்ளிலிருந்து வருபவைதான். ஆனால் கொரியர்கள் எள்ளைப் பழுப்பாக வறுத்தபின் ஆட்டுகிறார்கள். நாம் வறுக்காமல் செக்கில் ஆட்டுகிறோம். வெல்லமோ கருப்பட்டியோ போட்டு ஆட்டும் நல்லெண்ணெய்க்குத் தோசை மிளகாய்ப்பொடியோடு பொருந்தும் ஒரு மணம். அவர்களுடையதில் எள்ளுருண்டைக்கு வறுக்கும்போது எழும் மணம். அதற்கும் வழி உண்டு. நல்லெண்ணெயையே ஊற்றி, கூடவே ஒரு டேபிள்ஸ்பூன் வெள்ளை எள்ளைப் பொன்னிறமாக வறுத்துக் கரகரப்பாகப் பொடித்துச் சேர்த்தால் முக்கால்வாசி தூரம் வந்துவிடலாம். கடுகெண்ணெய் மட்டும் வேண்டாம். அதன் நெடிக்கு முன்னால் எள் நிற்காது.

சோற்றுக்குப் பாஸ்மதி ஆகாது, உதிர்ந்து போகும். கொரியர்கள் சாப்பிடுவது குச்சியில் எடுத்தால் உருண்டையாக வரும் குட்டை அரிசி. அதற்கு மேற்கு வங்கத்தின் கோபிந்தபோக் அரிசி நெருங்கிய உறவு. 2017-ல் புவிசார் குறியீடு பெற்ற இந்தச் சீரக அளவு அரிசியை வங்காளிகள் பாயசத்துக்கும் பூஜைக் கிச்சடிக்கும் வைத்திருப்பார்கள். தண்ணீர் கொஞ்சம் கூடினால் குழைந்து ஒட்டும். நறுமணம் மட்டும் கொரிய அரிசியில் இல்லாத ஒன்று; யாரும் அதற்காகக் குறைபட்டுக்கொள்ள மாட்டார்கள்.

காய்கறியில் பருவம் பார்க்க வேண்டும். டிசம்பர், ஜனவரியில் கொல்கத்தாச் சந்தையில் 'பெயாஜ்கலி' வந்து குவியும். வெங்காயப் பூவின் தண்டு அது. நுனியில் மொட்டோடு, கட்டுக் கட்டாக விற்பார்கள். கொரியர்கள் போடும் வெங்காயத்தாளைவிட இது உறுதியானது, இனிப்பும் கூட. மாட்டிறைச்சியோடு அப்படிச் சேரும். அதே பருவத்தில் காரட், முட்டைக்கோஸ், குடமிளகாய், காளான் எல்லாம் நன்றாக இருக்கும். வெயில் காலத்தில் பெயாஜ்கலிக்குப் பதில் சாதாரண வெங்காயத்தாள் போதும்.

நான்கு பேருக்குச் செய்ய அரைக் கிலோ இறைச்சி வேண்டும். முழுத் துண்டைக் கழுவித் துடைத்து, பிளாஸ்டிக் உறையில் சுற்றி, ஃப்ரீசரில் ஒன்று முதல் ஒன்றரை மணி நேரம் வைக்க வேண்டும். கல்லாக உறையக் கூடாது. அழுத்தினால் லேசாக அமுங்க வேண்டும். அந்தப் பதத்தில்தான் வீட்டுக் கத்தியால் மெலிதாகச் சீவ வரும். சியோல் உணவகங்களில் இதற்கு இயந்திரம் இருக்கிறது. வீட்டில் ஃப்ரீசர்தான் இயந்திரம்.

சீவுவதற்கு முன் இறைச்சியில் நார் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்க்க வேண்டும். மரத்தின் வரி போல அது கண்ணுக்குத் தெரியும். அந்த வரிக்குக் குறுக்கே, இரண்டு மூன்று மில்லிமீட்டர் கனத்தில் சீவ வேண்டும். வரியோடு சீவினால் ஒவ்வொரு துண்டிலும் நீளமான நார் இருக்கும். பல்தான் அதை அறுக்க வேண்டும். குறுக்கே சீவினால் கத்தியே அந்த வேலையை முடித்துவிடுகிறது. பப்பாளிக்காயைவிடப் பெரிய உபகாரம் இதுதான். பப்பாளிக்காய் கிடைக்காத ஊரிலும் இது ஒன்றைச் சரியாகச் செய்தால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

அடுத்து ஊறல். பாதிப் பேரிக்காய், பாதி வெங்காயம், ஆறு பல் பூண்டு, சுண்டுவிரல் நீள இஞ்சி ஆகியவற்றை அரைக்க வேண்டும். அதில் மூன்று டேபிள்ஸ்பூன் சோயா சாஸ், இரண்டு டேபிள்ஸ்பூன் தண்ணீர், ஒன்றரை டேபிள்ஸ்பூன் சர்க்கரை, ஒரு டேபிள்ஸ்பூன் நல்லெண்ணெய், வறுத்துப் பொடித்த எள், அரை டீஸ்பூன் மிளகுத்தூள் சேர்த்துக் கலக்க வேண்டும். குளிர்காலத்தில் நோலேன் குட், அதாவது புதிய பேரீச்ச வெல்லம், கண்ணில் படும், சபலப்பட வேண்டாம். அதன் மணம் மற்ற எல்லாவற்றையும் அமுக்கிவிடும். இறைச்சியை இந்தக் கலவையில் பிசறி ஒன்றரை மணி நேரம் குளிர்ப்பெட்டியில் வைக்கலாம். சமைப்பதற்கு அரை மணிக்கு முன் ஒரு டீஸ்பூன் பப்பாளிக்காய் விழுதைச் சேர்த்துப் பிசற வேண்டும். அண்டர்கட் என்றால் அரை டீஸ்பூன் போதும்.

மேஜை நடுவில் வைக்கும் கொரிய அடுப்பு வேண்டியதில்லை. இரும்பு வாணலியோ, கனமான தோசைக்கல்லோ போதும். புகை கிளம்பும் அளவுக்குக் காய வேண்டும். முதலில் ஒரு ஸ்பூன் எண்ணெயில் வெங்காயம், காரட், முட்டைக்கோஸ், காளானை ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டு, பெருந்தீயில் இரண்டு நிமிடம் புரட்டி எடுத்துவிட வேண்டும். பிறகு இறைச்சி. அரைக் கிலோவையும் ஒரே தடவை கொட்டுவதுதான் வீட்டுச் சமையலில் நடக்கும் பெரிய தவறு. வாணலியின் சூடு தணிந்து, தண்ணீர் விட்டு, இறைச்சி வறுபடாமல் வெந்து சாம்பல் நிறமாகிவிடும். மூன்று பங்காகப் பிரித்து, கலவையை வடித்துவிட்டு, ஒவ்வொரு பங்கையும் பரப்பிப் போட வேண்டும். ஒரு நிமிடம் கிளறாமல் விட்டால் அடியில் சர்க்கரை கருகி நிறம் ஏறும். திருப்பிப் போட்டு இன்னொரு நிமிடம். கடைசியில் எல்லாவற்றையும் ஒன்றாகச் சேர்த்து, மீதிக் கலவையை ஊற்றி, நன்றாகக் கொதித்து வற்றவிட்டு, பெயாஜ்கலியைத் தூவி அரை நிமிடம் புரட்டி இறக்க வேண்டும்.

தொட்டுக்கொள்ளக் கொரியர்களின் புளித்த மிளகாய் விழுது இல்லையென்றால் கவலை வேண்டாம். வங்காளிகளின் காசுந்தி இருக்கிறது. கொரியர்களும் கடுகை அரைத்துக் குளிர்ந்த பதார்த்தங்களில் சேர்ப்பவர்கள்தான். லெட்டூஸ் இலையில் கொஞ்சம் சோறு, இரண்டு துண்டு இறைச்சி, ஒரு சொட்டுக் காசுந்தி வைத்து மடித்து, ஒரே வாயில் போட்டுக்கொள்ள வேண்டும். கடித்துக் கடித்துத் தின்பது கொரியர்கள் பார்வையில் அழகல்ல.

மாட்டிறைச்சி உண்ணாத வீடுகள் இந்தக் கலவையை விட்டுவிட வேண்டியதில்லை. எலும்பில்லாத ஆட்டுக்கறியைக் குறுக்கே சீவி இதே மாதிரி செய்யலாம். கொரியாவிலேயே பன்றியிறைச்சிப் புல்கோகி பிரசித்தம். கோழிக்கும் காளானுக்கும் பப்பாளிக்காய் தேவையே இல்லை. இந்தியாவில் மாட்டிறைச்சிச் சட்டம் மாநிலத்துக்கு மாநிலம் மாறுகிறது. ஓரிடத்தில் பசு, காளை எதையும் வெட்டக்கூடாது. எருமைக்கு அனுமதி உண்டு. இன்னோரிடத்தில் வயதுச் சான்றிதழ் போதும். எருமை இறைச்சி நிறத்தில் கறுப்பு, நாரில் தடிப்பு. மற்றபடி பக்குவம் இதேதான். கையில் பையோடு கிளம்புமுன் அவரவர் மாநிலத்துச் சட்டத்தைத் தெரிந்துகொள்வது நல்லது.

சட்டம் மாட்டைப் பற்றிப் பேசுகிறது. மாட்டை வெட்டுபவரைப் பற்றி சமூகம் பேசுவது வேறு பாஷை. இதிலும் கொரியாவுக்கும் நமக்கும் ஒற்றுமை உண்டு. ஜோசோன் காலத்தில் மாடு வெட்டுபவர்களை 'பேக்ஜோங்' என்று தனியே ஒதுக்கினார்கள். ஊருக்கு வெளியே குடியிருப்பு, கல்யாணத்துக்குத் தனி உறவு வட்டம், சிறுவர்கள்கூட மரியாதையில்லாமல் அழைக்கும் பேச்சு. இறைச்சி மட்டும் அரண்மனைவரை போனது. 1894-ல் சட்டம் இந்தப் பிரிவை ஒழித்தது, வழக்கம் ஒழியவில்லை. 1923-ல் ஜின்ஜு நகரில் அவர்கள் திரண்டு ஓர் அமைப்பைத் தொடங்கினார்கள். அதற்கு வைத்த பெயர் 'ஹ்யோங்ப்யோங்சா'. 'ஹ்யோங்' என்பது தராசுக்கோல். 'ப்யோங்' என்பது சமம். தினமும் கையில் பிடிக்கும் தராசையே தங்கள் கோரிக்கைக்குப் பெயராக வைத்துக்கொண்டார்கள். இன்று சியோலில் ஹன்வூ இறைச்சி பரிசுப் பெட்டியில் வைத்துக் கொடுக்கும் கௌரவப் பொருள். வெட்டுபவரின் பரம்பரையை யாரும் கேட்பதில்லை.

கொல்கத்தாவின் இறைச்சிக் கடைக்காரரோ, தோலை ஏற்றிப் போகும் தொழிலாளியோ அந்த இடத்துக்கு இன்னும் வரவில்லை. அவரிடம் வாங்குபவர்களிலும் சிலர் செய்தித்தாளில் சுற்றி, அதை இன்னொரு பைக்குள் மறைத்து, அடுக்ககத்தின் மாடிப்படி ஏறுகிறார்கள். அண்டர்கட்டை நார் கெடாமல் எலும்பிலிருந்து உருவி எடுப்பது லேசான வேலை அல்ல. அதைச் சரியாகச் செய்துகொடுத்தவரின் கத்திக்குத்தான் இந்தச் சமையலின் பாதிப் பெருமை. அடுத்த முறை போகும்போது 'நேற்று நன்றாக வந்தது' என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு வருவதில் நஷ்டம் ஒன்றும் இல்லை. நல்ல துண்டு வந்தால் எடுத்து வைத்தும் கொடுப்பார்.

மிச்சம் இருந்தால் மறுநாள் காலையில் கொல்கத்தாவே வழி சொல்லும். காத்தி ரோல் பிறந்த ஊர் அது. முட்டை ஊற்றிய பரோட்டாவைச் சூடாகக் கல்லிலிருந்து எடுத்து, ஆறிப்போன புல்கோகியை வாணலியில் ஒரு புரட்டுப் புரட்டி நடுவில் வைத்து, பச்சை வெங்காயமும் எலுமிச்சைச் சாறும் சேர்த்து, காகிதத்தில் சுருட்டிக் கொடுத்தால், பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும் பிள்ளைகள் கொரியாவா கொல்கத்தாவா என்று கேட்கமாட்டார்கள். இன்னொன்று இருக்கிறதா என்றுதான் கேட்பார்கள்.